பீடியோடு நின்றுபோகும் கேள்வி

ஒருவருக்குப் புற்றுநோய் என்று கேள்விப்பட்டதும் நம் ஊரில் அடுத்து வரும் கேள்வி, "பழக்கம் ஏதாவது உண்டா?" என்பதுதான். பழக்கம் என்றால் பீடி, சிகரெட், மாவா, குட்கா, குடி. உண்டு என்று பதில் வந்துவிட்டால் கேட்டவருக்குக் கணக்கு நேராகிவிடும். இல்லை என்றால், ஒரு கெட்ட பழக்கமும் இல்லாத மனுஷனுக்கு இப்படியா என்று சாமியை நொந்துகொள்வார்கள். இதற்கு நடுவில் கேட்க வேண்டிய இன்னொன்று இருக்கிறது. இவர் என்ன வேலை செய்தார், அதை எத்தனை வருஷம் செய்தார், கை எதில் நனைந்தது, எந்தத் தெருவில் குடியிருந்தார். இதைச் சொந்தக்காரர்கள் கேட்பதில்லை. மருத்துவமனையில் கேட்பது அபூர்வம். அரசாங்கம் கேட்டு நான் பார்த்ததே இல்லை. இப்படிக் கேட்காமல் விடுவது வெறும் மறதி என்று நான் நம்பவில்லை. அதனால் லாபம் அடைகிறவர்கள் இருக்கிறார்கள்.

புகையிலை கொல்லும் என்பதில் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை. வாய், தொண்டை, நுரையீரல், சிறுநீர்ப்பை என்று அது தொடாத உறுப்பு குறைவு. பாக்கை மட்டும் மென்றாலும் வாய்ப்புற்று வரும் என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2003-லேயே முடிவுக்கு வந்துவிட்டது. புகையிலைக்கு எதிராக சென்னை செய்திருக்கும் வேலை சின்னதில்லை. தங்கையை 1923-ல் புற்றுநோய்க்குப் பறிகொடுத்த முத்துலட்சுமி ரெட்டி, பல வருஷம் அலைந்து 1954-ல் அடையாறில் புற்றுநோய் மருத்துவமனையைத் தொடங்கினார். 1955-ல் அங்கே சேர்ந்த டாக்டர் சாந்தா, 2021 ஜனவரியில் கண்ணை மூடும்வரை அந்த வளாகத்தை விட்டு விலகவில்லை. அவரும் அவரோடு இருந்தவர்களும் புகையிலைக்கு எதிராகப் பேசிப் பேசித்தான் இன்று நமக்கு அந்தக் கேள்வியாவது வாயில் வருகிறது. அதிலும் சண்டை ஓயவில்லை. 2013-ல் தமிழ்நாட்டில் குட்காவுக்குத் தடை வந்தது. 2023 ஜனவரியில் உயர் நீதிமன்றம் அந்தத் தடையை ரத்து செய்ய, ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நிறுத்தி வைத்தது. இவ்வளவு பச்சையாக ஆதாரம் இருக்கிற ஒரு பொருளுக்கே இத்தனை இழுபறி என்றால், ஆதாரத்தைத் தேடவே ஆளில்லாத விஷயங்களின் கதி என்ன ஆகும்?

என் சித்தப்பா பெயின்டர். வீட்டுக்கு வெள்ளை அடிக்கிற பெயின்டர் இல்லை, கன்டெய்னர் பெயின்டர். வடசென்னையில் மணலி, திருவொற்றியூர், மாதவரம் நெடுஞ்சாலைப் பக்கம் போனவர்களுக்குத் தெரியும், வரிசையாக யார்டுகள் இருக்கும். கப்பலில் போய் உப்புக் காற்றில் துருப்பிடித்துத் திரும்பும் பெட்டிகளை அங்கே சுரண்டி, தேய்த்து, ரெட் ஆக்சைடு அடித்து, அதன்மேல் கம்பெனிக் கலரை ஸ்ப்ரே செய்து அனுப்புவார்கள். சித்தப்பா அந்த வேலையை இருபது வருஷத்துக்கு மேல் செய்தார். எல்லாமே கான்ட்ராக்ட். மேஸ்திரி கூப்பிட்டால் போவார், யார்டு மாறும், மேஸ்திரியும் மாறுவார்.

சின்ன வயதில் அவருக்குச் சாப்பாடு கொண்டுபோகும் வேலை என்னுடையது. கன்டெய்னரின் உள்பக்கம் ஸ்ப்ரே அடிக்கும்போது கதவில் ஒன்றைத் திறந்து வைத்திருப்பார்கள், அவ்வளவுதான் காற்று. மூக்கில் ஈரத் துண்டைக் கட்டிக்கொண்டு உள்ளே போவார். வெளியே வரும்போது துண்டு கலராகி இருக்கும், புருவமும் கலராகி இருக்கும். கூப்பிட்டால் காது மந்தமானவர் மாதிரி கொஞ்ச நேரம் கழித்துத்தான் திரும்புவார். தின்னர் தலைக்கேறியிருக்கிறது என்று அப்போது எனக்குத் தெரியாது. கையிலும் முழங்கையிலும் ஒட்டிய பெயின்ட் சோப்புக்குப் போகாது. அதனால் வேஸ்ட் துணியைத் தின்னரில் முக்கி விரல் விரலாகத் துடைப்பார். துடைத்த கையைத் தண்ணீரில் ஒரு தடவை அலசிவிட்டு அப்படியே சோற்றில் வைப்பார். அங்கே எல்லோரும் அப்படித்தான் சாப்பிட்டார்கள். கையுறை என்ற ஒன்றை நான் பார்த்ததே இல்லை. சித்தி அவர் சட்டையை மட்டும் தனியாக ஊறவைப்பாள், வாசனை மற்ற துணிக்கு ஏறிவிடும் என்று.

சில வருஷங்களுக்கு முன் அவருக்குச் சிறுநீரில் ரத்தம் வந்தது. வலி இல்லை. சூடு என்று நினைத்து இளநீரும் சீரகத் தண்ணீரும் குடித்துக்கொண்டிருந்தார். நின்றது, மறுபடி வந்தது. ஸ்கேன் எடுத்து, குழாய் விட்டுப் பார்த்து, சதை எடுத்து அனுப்பினார்கள். சிறுநீர்ப்பையில் புற்று.

ஓர் அரசு மருத்துவமனையில் கேஸ் ஷீட் எழுதியபோது நான் பக்கத்தில் நின்றேன். எழுதியவர் சின்னப் பையன், படிப்பை அப்போதுதான் முடித்திருப்பார். வெளியே வரிசை வராண்டாவைத் தாண்டிப் போயிருந்தது.

"பழக்கம் ஏதாவது இருக்கா ஐயா?"

"பீடி இருந்துச்சு டாக்டர். வுட்டு ரொம்ப நாளாச்சு."

"எத்தனை வயசுலருந்து?"

சித்தப்பா சொன்னார். டாக்டர் அதைக் கவனமாக எழுதிக்கொண்டார், ஒரு நாளைக்கு எத்தனை என்பது வரைக்கும். குடியைப் பற்றிக் கேட்டார். அப்புறம் தொழில். "பெயின்ட் வேலைங்க" என்றார் சித்தப்பா. டாக்டர் ‘லேபரர்’ என்று எழுதினார். நான் குறுக்கிட்டு, கன்டெய்னர் யார்டில் ஸ்ப்ரே பெயின்ட், ரொம்ப வருஷம், தின்னரிலேயேதான் கை கழுவுவார் என்றேன். "சரிம்மா, அந்த ஸ்கேன் ரிப்போர்ட்ட குடுங்க" என்றார். வெளியே வந்ததும் சித்தப்பா என்னைத்தான் அதட்டினார். "அத்தெல்லாம் எழுதினா மட்டும் இன்னா பாப்பா மாறப் போவுது? வைத்தியம் பாக்குறாங்களே, அது போதும்."

வைத்தியம் நன்றாகவே பார்த்தார்கள், காசு வாங்காமல் பார்த்தார்கள். அந்த டாக்டர் மேல் எனக்குக் கோபம் இல்லை. அவருக்கு முன்னால் இருந்த படிவத்தில் பீடிக்கு நாலு கட்டம் இருந்தது, தொழிலுக்கு அரை வரிதான் இருந்தது. அந்தப் படிவத்தை அச்சடித்தவர்கள் மேல்தான் கோபம்.

பெயின்டர் வேலையே புற்றுநோய் வரவழைக்கும் தொழில் என்று அதே ஆய்வு முகமை 1989-ல் அறிவித்துவிட்டது. முதல் வகை, அதாவது மனிதர்களுக்குப் புற்றுநோய் உண்டாக்கும் என்பதற்குப் போதுமான ஆதாரம் இருக்கும் வகை. புகையிலை இருக்கும் அதே பட்டியல். எந்தப் புற்று என்றும் சொல்லியிருக்கிறார்கள்: நுரையீரல், சிறுநீர்ப்பை. பீடியும் அதே இரண்டு உறுப்பையும்தான் தாக்கும். ஆக, சித்தப்பாவின் உடம்புக்குள் இரண்டு வழியாகவும் நஞ்சு போயிருக்கிறது. அதில் ஒரு வழியைக் கேஸ் ஷீட்டில் எண்ணி எழுதினார்கள். இன்னொன்றுக்கு ஒரு சொல்கூட மிஞ்சவில்லை. பீடி அவர் காசு போட்டு வாங்கியது, அதனால் குற்றம் அவருடையது. தின்னர் இன்னொருவர் காசு போட்டு வாங்கி அவர் கையில் கொடுத்தது. அதை எழுதினால் இன்னொருவரைப் போய்க் கேட்க வேண்டியிருக்கும்.

சட்டம் இல்லாமல் இல்லை. 1948-ஆம் ஆண்டின் தொழிற்சாலைகள் சட்டத்தில் மூன்றாவது அட்டவணை என்று ஒன்று இருந்தது. எந்தெந்த நோய் கண்டால் அரசுக்குச் சொல்ல வேண்டும் என்ற பட்டியல் அது. ஈய நஞ்சு, சிலிகோசிஸ், ஆஸ்பெஸ்டாசிஸ் வரிசையில் ‘தொழில்சார் புற்றுநோய்’ என்றும் இருந்தது. தொழிற்சாலையில் வேலை செய்த, செய்கிற ஒருவருக்கு இந்த நோய்களில் ஒன்று இருப்பதாக ஒரு மருத்துவர் கருதினால், அவர் உடனே தலைமைத் தொழிற்சாலை ஆய்வாளருக்கு எழுத வேண்டும் என்றது 89-ஆவது பிரிவு. 2020-ல் நாடாளுமன்றம் நிறைவேற்றி, 2025 நவம்பரில் அதன் இடத்துக்கு வந்த புதிய பணிப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பிலும் இப்படி ஒரு பட்டியல் உண்டு. ஆனால் மருத்துவர் கருத வேண்டுமென்றால் முதலில் கேட்க வேண்டுமே. கேட்காத இடத்தில் சட்டம் காகிதமாகத்தான் இருக்கும். எனக்குத் தெரிந்த டாக்டர்கள் சிலரிடம் இந்தப் பிரிவைப் பற்றிக் கேட்டேன். படிக்கும்போது ஒரு பாடத்தில் வந்த மாதிரி இருக்கிறது என்றார்கள்.

பெயின்டிலேயே இன்னொரு கதை இருக்கிறது. பெயின்டில் ஈயம் 90 பிபிஎம்முக்கு (பத்து லட்சம் பங்கில் 90 பங்கு) மேல் இருக்கக் கூடாது என்று 2016-ல் மத்திய அரசு விதி போட்டது, 2017 நவம்பரிலிருந்து அமல். நல்ல விதி. குழந்தைகள் சுவரைத் தொட்டு வாயில் வைக்கும், ஈயம் மூளையைக் கெடுக்கும், அதனால் வந்த விதி. ஆனால் அது வீட்டுக்கும் அலங்காரத்துக்கும் அடிக்கிற பெயின்டுக்கு மட்டும்தான். ஆலைக்கும் இரும்புக்கும் அடிக்கிற பெயின்ட் அதற்குள் வராது. அதாவது அதிகம் பெயின்டை, அதிக நேரம், மூடிய பெட்டிக்குள் நின்று அடிக்கிறவருக்கு அந்த விதியால் ஒரு பாதுகாப்பும் இல்லை. துருப்பிடிக்காமல் இருக்கச் சில ப்ரைமர்களில் குரோமேட் சேர்ப்பார்கள். அதில் இருப்பது ஆறிணைதிறன் குரோமியம், அதுவும் முதல் வகைதான். ராணிப்பேட்டையில் மூடிக்கிடக்கும் குரோமேட் ஆலையின் கழிவு மலையைப் பற்றிப் பத்திரிகையில் படித்திருப்பீர்கள். அதே சரக்குதான்.

எல்லாப் புற்றுநோய்ச் சண்டைகளிலும் முதலாளிகளுக்குச் சாதகமாக இருக்கும் ஒன்று காலம். நஞ்சு இன்று போகும், கட்டி இருபது வருஷம் கழித்து வரும். ஆஸ்பெஸ்டாஸ் என்றால் முப்பது, நாற்பது வருஷம்கூட ஆகும். அதற்குள் கான்ட்ராக்டர் கடையைக் கட்டியிருப்பார், கம்பெனி பெயர் மாறியிருக்கும், வேலைக்கு வந்தவர்களின் பெயர் எழுதிய மஸ்டர் ரோலைக் கரையான் தின்றிருக்கும். நிரூபி என்று தொழிலாளியைக் கேட்டால் அவர் எதை எடுத்து நீட்டுவார்?

இதை உச்ச நீதிமன்றம் ஒருமுறை நன்றாகவே புரிந்துகொண்டது. ஆஸ்பெஸ்டாஸ் தொழிலாளர்கள் வழக்கில் 1995 ஜனவரியில் வந்த தீர்ப்பு அது. ஒவ்வொரு தொழிலாளியின் உடல்நலப் பதிவேட்டையும், அவர் வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து குறைந்தது 40 வருஷம், அல்லது வேலையை விட்டபின் 15 வருஷம், இதில் எது கடைசியில் வருகிறதோ அதுவரை வைத்திருக்க வேண்டும் என்றது. தொழிலாளியின் உடல்நலம் வாழ்வுரிமையின் பகுதி என்றும் சொன்னது. அந்தத் தீர்ப்பைப் படித்த அன்று எனக்கு அழுகையே வந்துவிட்டது. டெல்லியில் உட்கார்ந்திருந்தவர்கள் கட்டி எப்போது வரும் என்பதைக் கணக்குப் போட்டு உத்தரவு எழுதியிருக்கிறார்கள். அதை மற்ற நஞ்சுகளுக்கும், கான்ட்ராக்ட் ஆட்களுக்கும் விரிப்பதற்கு முப்பது வருஷம் போதவில்லை. ஆஸ்பெஸ்டாஸே இன்னும் போகவில்லை. அறுபதுக்கும் மேற்பட்ட நாடுகள் தடை செய்த பொருளை நாம் ரஷ்யாவிலிருந்தெல்லாம் கப்பலில் இறக்கி, கூரை ஷீட்டாக்கி, ஏழைகள் தலைக்கு மேல் போட்டுக்கொண்டிருக்கிறோம். 2016 டிசம்பரில் வர்தா புயல் அடித்தபோது எங்கள் பகுதியில் உடைந்து நொறுங்கிய ஷீட்டுகளை வெறும் கையால் அள்ளிக் குப்பைமேட்டில் போட்டோம். அந்தத் தூசைப் பற்றி எச்சரிக்க ஒரு ஆட்டோகூட மைக் கட்டிக்கொண்டு வரவில்லை.

வேலை இடத்துக்கு வெளியே வந்தால் ஊர்க் காற்று. மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2009-ல் நாட்டின் 88 தொழிற்பகுதிகளுக்கு மாசு மதிப்பெண் போட்டது. 70-க்கு மேல் வாங்கினால் ‘மிக மோசமாக மாசுபட்டது’. மணலி வாங்கியது 76.32. சுத்திகரிப்பு ஆலை, பெட்ரோ கெமிக்கல், உரம், அதற்கு வடக்கே எண்ணூரில் அனல்மின் நிலையங்கள், சாம்பல் குளங்கள், துறைமுகங்கள், நிலக்கரி. நகரத்துக்கு வேண்டிய மின்சாரமும் பெட்ரோலும் இங்கிருந்து தெற்கே போகின்றன. நகரத்திலிருந்து குப்பை லாரி கொடுங்கையூருக்கு வருகிறது, அதுவும் போதாதென்று இப்போது அந்தக் குப்பையை எரித்து மின்சாரம் எடுக்கும் ஆலை கட்ட வேண்டும் என்கிறார்கள். குப்பை எரியும்போது வரக்கூடிய டையாக்சின்களில் மிகக் கொடியதை 1997-லேயே முதல் வகையில் சேர்த்துவிட்டார்கள். எங்கள் ஆட்கள் சாலைக்கு வந்து வேண்டாம் என்று கை கோத்து நிற்பதற்குக் காரணம் இருக்கிறது. நிறுவனங்களும் நகரமும் ஏன் எல்லாவற்றையும் வடக்கே வைத்தன என்பதற்கு நிலத்தின் விலை, துறைமுகத்தின் அருகாமை என்று ஆயிரம் விளக்கம் சொல்வார்கள். இங்கே இருப்பவர்கள் மீனவர்கள், தலித் மக்கள், கூலித் தொழிலாளர்கள். இவர்கள் சத்தம் கோட்டைக்குக் கேட்காது என்ற நம்பிக்கையும் அந்த விளக்கங்களோடு சேர்ந்தே இருக்கிறது.

பென்சீனை மட்டும் எடுத்துப் பார்க்கலாம். பெட்ரோலில் 1 சதவீதம் வரை அது இருக்க அனுமதி உண்டு. சுத்திகரிப்பு ஆலையைச் சுற்றிக் காற்றில் இருக்கும், பெட்ரோல் பங்கில் இருக்கும். சென்னை பங்குகளில் பல இடங்களில் இளம்பெண்கள்தான் பெட்ரோல் போடுகிறார்கள், நாள் முழுக்க டேங்க் வாயருகே குனிந்து. பென்சீன் எலும்பு மஜ்ஜையைத் தாக்கி ரத்தப் புற்றுநோயைக் கொண்டுவரும். காற்றில் இவ்வளவு வரை இருக்கலாம் என்று நம் நாட்டில் 2009-ல் வைத்த வரம்பு ஒரு கனமீட்டருக்கு ஆண்டுச் சராசரி 5 மைக்ரோகிராம். பாதுகாப்பான அளவு என்று இதற்கு எதுவுமே கிடையாது என்கிறது உலக சுகாதார நிறுவனம். அவர்கள் கணக்குப்படி, 1 மைக்ரோகிராம் பென்சீன் உள்ள காற்றை வாழ்நாள் முழுக்க சுவாசித்தால் பத்து லட்சம் பேரில் 6 பேருக்குக் கூடுதலாக ரத்தப் புற்றுநோய் வரும். நம் வரம்பான 5-க்குப் பெருக்கினால் 30 பேர். அதாவது காற்று சட்டப்படி சுத்தமாக இருக்கும்போதே ஒரு லட்சம் பேருக்கு 3 பேரை நாம் விட்டுக்கொடுத்திருக்கிறோம்.

இந்த 3 பேர் குறைவுதானே என்று தோன்றலாம். எனக்கும் எண் பெரிதில்லை. இந்த 3 பேரை யார் தேர்ந்தெடுத்தார்கள் என்பதுதான் எனக்குப் பெரிது. போயஸ் தோட்டத்தில் இருப்பவருக்கும் மணலியில் இருப்பவருக்கும் தாளில் ஒரே வரம்புதான். ஆனால் வரம்பை உரசிக்கொண்டு நிற்கும் காற்றும், வரம்பைத் தாண்டும் காற்றும் எந்தப் பக்கம் வீசுகின்றன என்பது சென்னையில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அதோடு இது ஒரே ஒரு ரசாயனத்தின் கணக்கு. ஒரே மூச்சில் உள்ளே போகும் நுண்துகள், நிலக்கரிச் சாம்பலில் இருக்கும் ஆர்செனிக், காட்மியம் எல்லாவற்றையும் கூட்டிப் பார்க்கும் கணக்கை எந்த வரம்பும் போடுவதில்லை. வெளிக்காற்று மாசையே மொத்தமாக முதல் வகையில் 2013-ல் சேர்த்தார்கள்.

மூக்கைத் துளைக்கும் நஞ்சுக்கு மட்டும் நம் அரசியல் பதில் சொல்லும். 2023 டிசம்பர் 26 நள்ளிரவில் எண்ணூரில் உரத் தொழிற்சாலையின் கடலடிக் குழாயிலிருந்து அமோனியா கசிந்தது. கண் எரிந்து, மூச்சு முட்டி, குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு பெரியகுப்பத்து மக்கள் இருட்டில் ஓடினார்கள். பலர் மருத்துவமனையில் சேர்ந்தார்கள். மறுநாள் காலையே அமைச்சர்கள், கேமராக்கள், ஆலையை நிறுத்த உத்தரவு. போராட்டம் நடந்தது, நடந்திருக்கவும் வேண்டும். ஆனால் அதே மாதம் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய்க் கழிவு பக்கிங்காம் கால்வாய் வழியாக எண்ணூர் முகத்துவாரத்தில் வந்து படிந்தபோது என்ன நடந்தது? மீனவர்களையே கூலிக்கு அமர்த்தி, குவளையும் பக்கெட்டும் கொடுத்து எண்ணெயை அள்ள வைத்தார்கள். படகின் மேலே நின்று கரிய எண்ணெயை முழங்கை வரை பூசிக்கொண்டு அள்ளியவர்களின் படங்கள் எல்லாப் பத்திரிகையிலும் வந்தன. 2017 ஜனவரியில் இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியபோதும் பக்கெட்தான். இந்த எண்ணெய்களில் பென்சீனும் இருக்கும், பென்சோபைரீன் போன்ற முதல் வகை நஞ்சுகளும் இருக்கும். அள்ளியவர்களின் பெயர்ப் பட்டியல் எந்த அலுவலகத்தில் இருக்கிறது? 2040-ல் அவர்களில் ஒருவருக்குக் கட்டி வந்தால், "பழக்கம் ஏதாவது உண்டா?" என்றுதான் கேட்கப் போகிறோமா?

இதைச் சொன்னால் உடனே ஒரு பதில் வரும். ஆதாரம் எங்கே? மணலியில், எண்ணூரில் புற்றுநோய் அதிகம் என்று எந்த ஆய்வு சொல்கிறது?

நியாயமான கேள்வி, நேராகவே பதில் சொல்கிறேன். மணலியில் மற்ற இடத்தைவிடப் புற்றுநோய் அதிகம் என்று நான் சொல்லவில்லை. ஒரு தெருவில் நாலு பேருக்கு வந்தால் அது தற்செயலாகவும் இருக்கலாம், வயதானவர்கள் அதிகம் இருக்கும் தெருவாகவும் இருக்கலாம். ஒரு தனி மனிதரின் கட்டியை வெட்டிப் பார்த்து, இது பீடியால் வந்தது, இது தின்னரால் வந்தது என்று எந்த நிபுணராலும் சொல்ல முடியாது. கட்டியில் முத்திரை இருக்காது. கூட்டமாக எண்ணிப் பார்த்தால்தான் தெரியும். எண்ணுவதற்கு வழியில்லாத ஊரா சென்னை? தேசியப் புற்றுநோய்ப் பதிவேட்டுத் திட்டத்தில் முதலில் சேர்ந்த மூன்று நகரங்களில் ஒன்று. 1982-லிருந்து அடையாறு மருத்துவமனையின் ஆட்கள் ஒவ்வொரு மருத்துவமனையாக ஏறி இறங்கி, மாநகராட்சியின் இறப்புப் பதிவுகளோடு ஒப்பிட்டு, நோயாளியின் முகவரியோடு குறித்துக்கொண்டு வந்திருக்கிறார்கள். பெண்களிடம் கருப்பைவாய்ப் புற்று குறைந்து மார்பகப் புற்று முதலிடத்துக்கு வந்தது அந்த உழைப்பால்தான் நமக்குத் தெரியும். அப்படிப்பட்ட தங்கமான பதிவேடு கையில் இருக்கிறது. வெளியாகும் அறிக்கைகளில் உறுப்புவாரியாக, வயதுவாரியாக எல்லாம் பார்க்கிறேன். வார்டுவாரியாகவோ தொழில்வாரியாகவோ ஓர் அட்டவணையை நான் பார்த்ததில்லை. முகவரியைக் கையில் வைத்துக்கொண்டு அதை வரைபடத்தில் வைக்கக் காசும் உத்தரவும் கொடுக்காமல், ஆதாரம் எங்கே என்று எங்களையே கேட்பது என்ன நியாயம்?

1969-ல் ஓர் அமெரிக்க சிகரெட் கம்பெனியின் உள்குறிப்பில் ஒரு வரி இருந்தது: சந்தேகம்தான் நம் சரக்கு. பல வருஷம் கழித்து அந்தக் காகிதங்கள் வெளியே வந்தபோதுதான் உலகத்துக்குத் தெரிந்தது. சிகரெட் கம்பெனி காசு செலவழித்துச் சந்தேகத்தைத் தயாரித்தது. நம் ஊரில் அந்தச் செலவுகூடத் தேவைப்படவில்லை. எண்ணாமல் விட்டாலே சந்தேகம் இலவசமாக விளைந்துவிடுகிறது.

சித்தப்பாவுக்குக் கட்டியைச் சுரண்டி எடுத்த பின் சிறுநீர்ப்பைக்குள் பிசிஜி மருந்து விட்டார்கள். குழந்தை பிறந்ததும் கையில் போடுகிறார்களே, காசநோய்த் தடுப்பூசி, அதே பிசிஜி. அதைப் பைக்குள் விட்டால் உடம்பின் எதிர்ப்புசக்தி கிளம்பி வந்து புற்றுசெல்லையும் அழிக்கும். இந்தத் தடுப்பூசியைத் தயாரிக்க கிண்டியில் 1948-லேயே அரசு ஒரு கூடம் தொடங்கியது. 2008-ல் அதன் உரிமத்தை மத்திய அரசே நிறுத்தி வைத்து, எதிர்ப்பு வந்தபின் 2010-ல்தான் திருப்பிக் கொடுத்தது. எங்களுக்கு மருந்துக்கு நடுவில் ஒரு தட்டுப்பாடு வந்து, அடுத்த தவணைக்கு எப்போது வரச் சொல்வார்கள் என்று போனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது, கிண்டிப் பக்கம் பஸ்ஸில் போகும்போதெல்லாம் அந்தச் சுவரைப் பார்த்து வயிறு எரிந்தது. நோயை வரவைப்பதிலும் அரசியல், மருந்தை வரவிடாததிலும் அரசியல். சித்தப்பா இப்போது நன்றாக இருக்கிறார். மூன்று மாதத்துக்கு ஒருமுறை குழாய் விட்டுப் பார்க்கிறார்கள். யார்டுக்குப் போவதில்லை. அவரோடு வேலை செய்தவர்களில் யாருக்கு என்ன ஆனது என்று விசாரிக்கக் கிளம்பினேன். பாதிப் பேர் ஊருக்குப் போய்விட்டார்கள். இப்போது அங்கே பெயின்ட் அடிப்பவர்கள் ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த பையன்கள். அவர்களுக்கு இருபது வருஷம் கழித்து வந்தால் அது சென்னைக் கணக்கிலேயே வராது.

அரசு செய்ய வேண்டியதெல்லாம் கைக்கு எட்டுகிற தூரத்தில்தான் இருக்கிறது. ஒவ்வொரு அரசு மருத்துவமனைப் புற்றுநோய்ப் பிரிவிலும் கேஸ் ஷீட்டில் தொழிலுக்கும் குடியிருப்புக்கும் தனிப் பக்கம் வேண்டும். மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வீட்டுக்கு வந்து பிரஷரும் சுகரும் பார்க்கும் அக்காக்கள் கையில் அதே கேள்விகளைக் கொடுக்கலாம். தெருவை அவர்களைவிட நன்றாக அறிந்தவர் யாருமில்லை. பதிவேட்டை வார்டுவாரியாகப் பிரித்து வெளியிட நிதி வேண்டும். மணலி, எண்ணூர், திருவொற்றியூர், கொடுங்கையூர் மக்களுக்கு ஆலைகளின் செலவில், ஆலைகளின் கையில் இல்லாத ஓர் அமைப்பை வைத்து உடல்நலக் கணக்கெடுப்பு வேண்டும். 1995 தீர்ப்பில் சொன்ன 40 வருஷப் பதிவேடு கான்ட்ராக்ட் பெயின்டருக்கும் எண்ணெய் அள்ளிய மீனவருக்கும் வேண்டும்.

அதுவரை நாமே செய்யக்கூடிய ஒன்றை எங்கள் தெருவில் தொடங்கியிருக்கிறோம். வீட்டில் யாருக்காவது புற்றுநோய் என்று தெரிந்தால், மருத்துவமனைக்குப் போகும் முன்பே ஒரு வெள்ளைத் தாளில் எழுதிக் கையோடு கொண்டுபோகிறோம். முதல் வேலையிலிருந்து கடைசி வேலை வரை, எந்த வருஷத்திலிருந்து எந்த வருஷம், எந்த இடம், மேஸ்திரி பெயர், கான்ட்ராக்டர் பெயர், கையாண்ட பொருள். பெயர் தெரியாவிட்டால் டப்பாவின் கலரும் அதில் போட்டிருந்த படமும் போதும். குடியிருந்த தெருக்கள், குடித்த தண்ணீர் அடிபம்பா லாரியா என்பது, பக்கத்தில் என்ன ஆலை இருந்தது. பீடி, குடி இருந்தால் அதையும் மறைக்காமல் எழுத வேண்டும். டாக்டரிடம் கொடுத்து, கேஸ் ஷீட்டோடு இதைச் சேர்த்துப் பின் அடித்துவிடுங்கள் என்று கேட்கிறோம். சிலர் மறுக்கிறார்கள், பெரும்பாலோர் வாங்கிக்கொள்கிறார்கள். ஜெராக்ஸ் எடுத்து ஒன்றை வீட்டில் ரேஷன் கார்டோடு வைத்துக்கொள்ளுங்கள். அப்பாவோ அம்மாவோ நல்ல நினைவோடு இருக்கும்போதே பக்கத்தில் உட்கார்ந்து கேட்டு எழுதிவிட்டால், மேஸ்திரி பெயர்கூட விட்டுப்போகாது.